பெருமாள் கோயில் கல்வெட்டில் ஒரு பள்ளிவாசல்!

ஊரும் கல்லும் - வாரப் பகுதி

வாலிநோக்கத்திலிருந்து ஒரு வாசகர் இரண்டு படங்களை அனுப்பியிருந்தார். முதல் படம், இங்கிலாந்தில் வேலை பார்க்கும் அவருடைய மகன் எடுத்தது. பச்சைப் புல்வெளி, சாய்ந்து நிற்கும் கல்லறைக் கற்கள், நடுவில் சதுரக் கோபுரத்தோடு ஒரு சின்னத் தேவாலயம். அதற்கு 800 வயது என்று வாசல் பலகையில் எழுதியிருக்கிறதாம். இரண்டாவது படம், அவருடைய உறவினர் ஊரில் இருக்கும் ஒரு பழைய கல் பள்ளிவாசல். தூண்களில் பாதி உயரத்துக்குப் பச்சை எனாமல் பெயின்ட். தரையில் பளபளவென்று டைல்ஸ்.

கூடவே ஒரு கேள்வி. "இந்தப் பள்ளியை எடுத்துவிட்டுப் புதிதாகக் கட்டலாம் என்று பேச்சு நடக்கிறது. வெள்ளிக்கிழமை இடம் போதவில்லை என்பதும் உண்மைதான். ஆனால், அங்கே 800 வருஷத்துக் கட்டடத்தில் இன்றும் பிரார்த்தனை நடக்கிறது. நம்மிடம் அந்த மாதிரி எதுவும் இல்லையா? இருந்தால் ஏன் வைத்துக்கொள்ள மாட்டேன் என்கிறோம்?"

இரண்டு கேள்விகள். முதலாவதற்குப் பதில் சுலபம்: இருக்கிறது. வாலிநோக்கத்திலிருந்து பஸ் ஏறினால் ஒரு மணி நேரத்துக்குள் போய்விடலாம். இரண்டாவதற்குப் பதில் சொல்லத்தான் கொஞ்சம் சுற்றி வர வேண்டும். முதலில் இங்கிலாந்துக்குப் போய்விட்டு வருவோம்.

ஊருக்கு ஒரு பங்கு ஆலயம்

'பங்கு' என்பது நம் கடற்கரை ஊர்களுக்குப் பழகிய சொல். ஒரு பங்கு, அதற்கு ஒரு பங்குத்தந்தை, ஒரு பங்கு ஆலயம். இங்கிலாந்தில் இந்த ஏற்பாடு ஆயிரம் வருஷங்களுக்கு முன்பே வேர்விட்டுவிட்டது. ஒவ்வொரு கிராமத்துக்கும் ஒரு ஆலயம். குழந்தைக்கு ஞானஸ்நானம், கல்யாணம், கடைசியில் அடக்கம் எல்லாம் அங்கேதான். 1538-ல், எட்டாம் ஹென்றி மன்னரின் அமைச்சர் தாமஸ் கிராம்வெல், ஒவ்வொரு பங்கிலும் இந்த மூன்றையும் பதிவேட்டில் எழுதி வைக்க வேண்டும் என்று உத்தரவு போட்டார். இன்று தங்கள் பூர்வீகம் தேடுகிற ஆங்கிலேயர்கள் முதலில் புரட்டுவது அந்தப் பதிவேடுகளைத்தான்.

ஆனால், பதிவேட்டுக்கு முன்பே ஊரின் கதையை எழுதி வைத்தது கட்டடம். இந்த ஆலயங்களில் பெரும்பாலானவை ஒரே மூச்சில் கட்டப்பட்டவை அல்ல. 1066-ல் நார்மன்கள் இங்கிலாந்தைப் பிடித்த பிறகு எழுந்த ஆலயங்களில் அரைவட்ட வளைவுகள் இருக்கும். 12-ஆம் நூற்றாண்டின் கடைசியிலிருந்து வளைவுகள் கூர்மையாகின்றன. போகப்போக ஜன்னல்கள் பெரிதாகின்றன. 1348-49-ல் கொள்ளைநோய் வந்து கொத்தர்களும் செத்துப்போனார்கள். பல ஊர்களில் ஆலய வேலை அப்படியே நின்றது. வேலை மறுபடி தொடங்கியபோது பாணியும் மாறிவிட்டது. ஒரே சுவரில் இந்தப் பக்கம் தாத்தா காலத்து வேலை, அந்தப் பக்கம் பேரன் காலத்து வேலை. விவரம் தெரிந்தவர்கள் வளைவைப் பார்த்தே வயது சொல்லிவிடுவார்கள்.

இன்னொரு விஷயம், அந்தந்த ஊரில் எது கிடைத்ததோ அதில்தான் கட்டினார்கள். காட்ஸ்வோல்ட்ஸ் பகுதியில் தேன் நிறச் சுண்ணாம்புக்கல். நல்ல கட்டடக்கல் கிடைக்காத நார்ஃபோக்கில், வயலில் கிடந்த சக்கிமுக்கிக் கல்லைப் பொறுக்கி வந்து சுவர் எழுப்பினார்கள். நம் கடற்கரையிலும் இதுதான் நடந்திருக்கிறது. தனுஷ்கோடிக்குப் போனவர்கள், 1964 புயலில் சிதைந்த தேவாலயத்தின் சுவரை உற்றுப் பார்த்திருந்தால் தெரியும். செங்கல்லோடு கலந்து நிற்பது கடலிலிருந்து எடுத்த பவளப்பாறைக் கல்.

ஆலயத்தின் உள்ளே மக்கள் கூடும் நீண்ட கூடத்துக்கு ஆங்கிலத்தில் 'நேவ்' என்று பெயர். லத்தீனில் கப்பலைக் குறிக்கும் சொல்லிலிருந்து வந்தது. அண்ணாந்து பார்த்தால் மரக்கூரை, கவிழ்த்துப்போட்ட தோணி மாதிரி இருக்கும். மரக்கலம் ஓட்டிய மரைக்காயர்கள் கட்டிய பள்ளிவாசலுக்குப் போகப் போகிறோம் என்பதால், இந்தக் கப்பலை நினைவில் வைத்துக்கொள்ளுங்கள்.

பெருமாள் கோயிலில் கிடைத்த சாட்சி

இப்போது நம் கரைக்கு வருவோம். வாலிநோக்கம், ஏர்வாடி, கீழக்கரை, திருப்புல்லாணி, பெரியபட்டினம். வரைபடத்தில் மன்னார் வளைகுடாவை ஒட்டி வரிசையாக இருக்கும் ஊர்கள். உப்பளம், பனை, உடைமரம், எதிரே கடலில் சின்னச் சின்னத் தீவுகள். பார்த்தால் அமைதியான கரை. 700, 800 வருஷங்களுக்கு முன்பு இது பரபரப்பான கரை. முத்து, சங்கு வாங்கவும் குதிரை விற்கவும் கப்பல்கள் வந்துபோன இடம்.

அந்தக் காலத்தில் இங்கே பள்ளிவாசல் இருந்தது என்பதற்கு மிக நல்ல சாட்சி எங்கே கிடைக்கிறது தெரியுமா? திருப்புல்லாணி ஆதி ஜெகந்நாதப் பெருமாள் கோயிலில். சேதுவுக்குப் போகும் முன் ராமர் தர்ப்பைப் புல்லில் படுத்த தலம் என்று நம் பாட்டிமார் சொல்லும் அதே கோயில்தான். அங்கே உள்ள 13-ஆம் நூற்றாண்டுப் பாண்டியர் காலக் கல்வெட்டு ஒன்று, பவித்திரமாணிக்கப்பட்டினம் என்ற ஊரின் கிழக்கே இருந்த 'சோனகச் சாமந்தப் பள்ளி'யைப் பற்றிப் பேசுகிறது. அந்தப் பள்ளிக்கு நிலம் இறையிலியாக, அதாவது வரி இல்லாமல், விடப்பட்ட செய்தி அது.

சோனகர் என்பது அரபு வழி வந்த முஸ்லிம்களுக்குத் தமிழில் இருந்த பழைய பெயர். பவித்திரமாணிக்கப்பட்டினம் என்பது இன்றைய பெரியபட்டினம் என்பது ஆய்வாளர்களின் கருத்து. கொடுத்தவர் பாண்டிய மன்னர். பெற்றுக்கொண்டது பள்ளிவாசல். எழுதி வைத்த இடம் பெருமாள் கோயில். அந்தக் காலத்தில் கோயில் கல் என்பது இன்றைய பத்திரப்பதிவு அலுவலகம் மாதிரி. எல்லோரும் வந்துபோகும் இடத்தில் பொறித்துவிட்டால் யாரும் மறுக்க முடியாது.

'பள்ளி' என்ற சொல்லையும் கவனியுங்கள். அதற்கு முதலில் படுக்கை, உறைவிடம் என்ற பொருள்கள். பிறகு சமண, பௌத்தத் துறவிகள் தங்கிய இடம் பள்ளி ஆனது. அவர்கள் அங்கே பாடம் சொல்லிக் கொடுத்ததால் பள்ளிக்கூடம் வந்தது. முஸ்லிம்கள் தொழுகைக்கு ஓர் இடம் கட்டியபோது தமிழ் அதற்கும் அதே சொல்லைக் கொடுத்தது. தொழுமிடத்துக்குத் தமிழில் புழங்கும் பெயரே பல நூற்றாண்டு பழையது.

கடல் வழி வந்த பயணி பார்த்தது

இன்னொரு சாட்சி வெளிநாட்டுக்காரர். மொராக்கோவிலிருந்து உலகம் சுற்றக் கிளம்பிய இப்னு பதூதா, 1340-களில் இலங்கையிலிருந்து இந்தப் பக்கம் வந்து சேர்ந்தார். அப்போது மதுரையில் சுல்தான்கள் ஆட்சி. அவர் தன் பயணக் குறிப்பில் 'ஃபத்தன்' என்ற துறைமுகத்தைப் பற்றிச் சொல்கிறார். பெரிய, அழகான பட்டினம், நல்ல துறைமுகம், அங்கே கல்லால் கட்டிய அழகிய பள்ளிவாசல் ஒன்று இருந்தது என்கிறார்.

ஃபத்தன் என்பது 'பட்டினம்' என்ற நம் சொல்தான், அரபு நாக்கில் அப்படி ஆகியிருக்கிறது. எந்தப் பட்டினம் என்பதில் அறிஞர்களுக்குள் கருத்து வேறுபாடு உண்டு. பெரியபட்டினம், தேவிபட்டினம் என்று ஒவ்வொருவரும் ஒவ்வொன்றைச் சொல்வார்கள். ஆனால் பெரியபட்டினத்தில் 1980-களில் தமிழ்ப் பல்கலைக்கழகம் நடத்திய அகழாய்வில் 13, 14-ஆம் நூற்றாண்டுச் சீனப் பீங்கான் ஓடுகள் ஏராளமாகக் கிடைத்தன. அந்தக் காலத்தில் அது சாதாரணக் கிராமம் இல்லை என்பதற்கு அந்த ஓடுகளே போதும்.

ஆக, இங்கிலாந்துக் கிராமங்களில் கூர்மையான வளைவுகள் எழுந்துகொண்டிருந்த நூற்றாண்டுகளிலேயே நம் கரையில் பள்ளிவாசல்கள் இருந்தன. அந்த மரபை இன்றும் கண்ணால் பார்க்க வேண்டுமென்றால் கீழக்கரைக்குப் போக வேண்டும்.

கீழக்கரைத் தூண்கள்

'செத்தும் கொடுத்தான் சீதக்காதி' என்று சொல்லாத தமிழ் வீடு இல்லை. ஷெய்கு அப்துல் காதிர் என்ற பெயர் கொண்ட அந்த வள்ளல், 17-ஆம் நூற்றாண்டுக் கீழக்கரையின் கப்பல் வணிகர். ராமநாதபுரத்தை ஆண்ட கிழவன் சேதுபதிக்கு நெருக்கமானவர். உமறுப்புலவர் சீறாப்புராணம் பாட ஆதரவு தந்தவர். கீழக்கரையின் பெரிய ஜும்மா பள்ளி அவர் கட்டியதாகப் போற்றப்படுகிறது. அவருடைய அடக்கத்தலமும், அவருடைய குருவான சதக்கத்துல்லா அப்பாவின் அடக்கத்தலமும் அந்த வளாகத்தில்தான் இருக்கின்றன.

முதல்முறை பார்ப்பவர்களுக்கு ஓர் ஆச்சர்யம் காத்திருக்கும். பள்ளிவாசல் என்றதும் நம் மனதில் வருவது வெங்காய வடிவக் குவிமாடம், உயர்ந்த மினார், வளைவு வாசல். இந்தக் கரையின் பழைய கல் பள்ளிகளில் இவை அடையாளமே இல்லை. வரிசை வரிசையாகக் கல் தூண்கள், மேலே தட்டையான கல் கூரை. "இந்தத் தூணை எங்கேயோ கோயிலில் பார்த்திருக்கிறோமே" என்று தோன்றும். சரிதான். கோயில் கட்டிய அதே மரபின் சிற்பிகள்தான் இதையும் செய்திருக்கிறார்கள். அவர்களுக்குத் தெரிந்த கட்டடக்கலை அதுதான், கட்டச் சொன்னவர்களுக்குப் பிடித்ததும் அதுதான்.

ஒரு தூணைக் கீழிருந்து மேலாகப் பாருங்கள். அடியில் சதுரம். நடுவில் எட்டுப் பட்டை. மறுபடி சதுரம். உச்சியில் இருபுறமும் கை நீட்டியது போல ஒரு கல், அதுதான் போதிகை. அதன் முனையில் கீழ்நோக்கித் தொங்கும் ஒரு மொட்டு. அதற்கு மேல் உத்தரம். உத்தரத்துக்கு மேல் கல் பலகைகள்.

போதிகை வெறும் அலங்காரம் இல்லை. கல்லின் மேல் எவ்வளவு பாரம் ஏற்றினாலும் தாங்கும். ஆனால், இரண்டு முனைகளை மட்டும் தாங்கிவிட்டு நடுவில் தொங்கவிட்டால் சீக்கிரம் முறிந்துவிடும். அதனால் கல் உத்தரத்தை ரொம்ப நீளமாகப் போட முடியாது. போதிகை இருபுறமும் கொஞ்சம் நீண்டு உத்தரத்துக்குத் தோள் கொடுக்கிறது. தாங்கல் இல்லாமல் நிற்கும் தூரம் குறைகிறது. அப்படியும் தூண்களை நெருக்கமாகத்தான் வைக்க வேண்டியிருக்கும். கல் கூரை மண்டபங்களில் தூண்கள் காடு மாதிரி நிற்பதற்குக் காரணம் இதுதான். இங்கிலாந்துக்காரர்கள் இதே பிரச்னையை வளைவு போட்டும் மரக்கூரை வேய்ந்தும் தீர்த்தார்கள். நாம் தூணும் போதிகையும் வைத்துத் தீர்த்தோம்.

கோயில் தூணுக்கும் பள்ளித் தூணுக்கும் ஒரு பெரிய வித்தியாசம் உண்டு. கோயிலில் சதுரப் பகுதி என்றால் அங்கே ஒரு தெய்வமோ, யாளியோ, நடனப் பெண்ணோ இருக்கும். பள்ளியில் மனித, மிருக உருவங்கள் கூடாது. அதே உளி, அதே கை, உருவத்தை விட்டுவிட்டுத் தாமரைக்கும் கொடிக்கும் கோலம் போன்ற கோடுகளுக்கும் போய்விட்டது. காயல்பட்டினத்தின் பழைய பள்ளிகளிலும் இதைப் பார்க்கலாம்.

இன்னும் சில ஒப்பீடுகள். இங்கிலாந்து ஆலயத்தில் பீடம் கிழக்கே இருக்கும். நம் கரைப் பள்ளியில் தொழுகைத் திசையைக் காட்டும் மாடமான மிஹ்ராப், மக்காவை நோக்கி மேற்கே, கொஞ்சம் வடக்கு சாய்ந்து இருக்கும். அங்கே வாசலுக்குப் பக்கத்தில் ஞானஸ்நானத் தொட்டி. இங்கே உள்ளே நுழையும் முன் ஒளு செய்ய நீர்த்தொட்டி. அங்கே மணிக்கூண்டு. இங்கே பாங்கு. அங்கே முகப்பு மண்டபத்தில் ஊர்ப் பேச்சு, ஒப்பந்தம், கல்யாணச் சடங்கின் ஒரு பகுதிகூட நடந்தது. இங்கே முன்மண்டபத்தில் நிக்காஹ்வும் பஞ்சாயத்தும். நம்பிக்கை வேறு. ஊருக்கு அந்த இடம் செய்த வேலை கிட்டத்தட்ட ஒன்று.

இடத்தின் வயதும் கல்லின் வயதும்

கீழக்கரையில் பழைய ஜும்மா பள்ளி என்றும் ஒன்று உண்டு. நபிகள் நாயகத்தின் காலத்திலேயே, ஏழாம் நூற்றாண்டில் கட்டப்பட்டது என்பது ஊர் மரபு. இணையத்திலும் அப்படியே பகிரப்படுகிறது. இதில் ஒன்றைப் பிரித்துப் பார்க்க வேண்டும். ஓர் இடத்தில் எவ்வளவு காலமாகத் தொழுகை நடக்கிறது என்பது ஒரு கேள்வி. இன்று அங்கே நிற்கும் தூண் எந்தக் காலத்தது என்பது வேறொரு கேள்வி. தூணின் போதிகை அமைப்பைப் பார்த்துக் கட்டடக்கலை அறிஞர்கள் சொல்லும் காலம், மரபு சொல்லும் காலத்துக்குப் பிந்தியது.

இதனால் மரபுக்கு மதிப்புக் குறைவு இல்லை. இங்கிலாந்திலும் இதே கதைதான். நார்மன்களுக்கு முன்பே இருந்த ஆலயம் என்பார்கள். உள்ளே போய்ப் பார்த்தால் சுவர் 14-ஆம் நூற்றாண்டு, கூரை 19-ஆம் நூற்றாண்டு. பழைய இடத்தில் புதிய கல் வந்துகொண்டே இருந்திருக்கிறது. அப்படியென்றால் இப்போது மட்டும் இடித்துக் கட்டினால் என்ன தப்பு என்று கேட்கலாம். நியாயமான கேள்வி. அதற்கு இங்கிலாந்து பட்ட அனுபவம் உதவும்.

அன்பால் வந்த சேதம்

இங்கிலாந்து ஆலயங்கள் சந்தித்த பெரிய சேதங்களில் ஒன்று எதிரியால் வந்ததில்லை. 19-ஆம் நூற்றாண்டில், விக்டோரியா மகாராணி காலத்தில், ரயிலும் தொழிற்சாலையும் வந்து கையில் பணம் புரண்டபோது, ஆலயங்களைப் 'புதுப்பிக்க' ஆசைப்பட்டார்கள். 1840-க்கும் 1875-க்கும் இடையே கிட்டத்தட்ட 80 சதவிகித ஆலயங்களில் ஏதோ ஒரு திருப்பணி நடந்தது. பழைய சுண்ணாம்புப் பூச்சைச் சுரண்டி எடுத்தார்கள். சுவர் ஓவியங்கள் அதோடு போயின. பிற்கால வேலை என்று சொல்லி நல்ல மரவேலைகளைப் பிடுங்கி எறிந்தார்கள். செய்தவர்கள் எல்லோரும் பக்திமான்கள். காசு கொடுத்தவர்களும் பக்திமான்கள்.

இதைப் பார்த்துப் பொறுக்க முடியாமல் 1877-ல் வில்லியம் மோரிஸ் என்ற கவிஞரும் வடிவமைப்பாளரும் நண்பர்களோடு சேர்ந்து பழைய கட்டடங்களைப் பாதுகாக்கும் சங்கம் ஒன்றைத் தொடங்கினார். 'சுரண்டல் எதிர்ப்பு' என்று அதற்குச் செல்லப்பெயர். பெரிதாகத் திருப்பணி செய்யும் நிலை வரவே விடாதீர்கள், சின்னச் சின்னப் பராமரிப்பை நாள்தோறும் செய்யுங்கள் என்பதுதான் அவர்கள் சொன்னது. கூரை ஒழுகினால் அன்றைக்கே அடையுங்கள். சாய்கிற சுவருக்கு முட்டுக் கொடுங்கள். அந்தச் சங்கம் இன்றும் இருக்கிறது.

பிறகு விதிகளும் வந்தன. இங்கிலாந்துத் திருச்சபையின் ஆலயத்தில் பெரிய மாற்றம் எதுவும் செய்ய வேண்டுமென்றால் மறைமாவட்டத்தில் அனுமதி பெற வேண்டும். 1955-ல் வந்த ஒரு விதிப்படி, ஐந்து வருஷத்துக்கு ஒருமுறை கட்டட நிபுணர் வந்து பார்த்து அறிக்கை தர வேண்டும். அந்தத் திருச்சபையிடம் இருக்கும் சுமார் 16,000 ஆலயங்களில் 12,000-க்கும் மேற்பட்டவை சட்டப் பாதுகாப்புப் பட்டியலில் உள்ளன. வாசகர் மகன் எடுத்த படத்தில் அந்தச் சின்ன ஆலயம் அழகாக நிற்பதற்குப் பின்னால் இவ்வளவு பாடம் இருக்கிறது.

ஆள் கூடினால் அங்கே என்ன செய்தார்கள் என்பதையும் சொல்ல வேண்டும். நடுக்காலத்திலேயே இடப்பற்றாக்குறை வந்தது. பல ஊர்களில் பழைய கூடத்தின் பக்கச் சுவரைத் திறந்து தூண் வரிசையாக்கி, அதை ஒட்டி இன்னொரு கூடத்தைச் சேர்த்துக்கொண்டார்கள். நடுக்கூடம் அப்படியே இருந்தது, இடமும் கிடைத்தது.

உப்பளத்துக்காரர்களுக்குத் தெரிந்த அறிவியல்

நம் கரையில் பழைய கல்லுக்கு ஆபத்து எங்கிருந்து வருகிறது? பெரும்பாலும் சிமென்ட், எனாமல் பெயின்ட், டைல்ஸ். மூன்றும் 'சுத்தமாக இருக்கும்' என்ற நல்ல எண்ணத்தில் வருபவை. இவை ஏன் கல்லுக்கு ஆகாது என்பது வாலிநோக்கத்துக்காரர்களுக்குச் சட்டென்று புரியும். அரசின் உப்பு நிறுவனம் நடத்தும் உப்பளங்கள் இருக்கிற பகுதி அல்லவா?

பாத்தியில் கடல்நீரைத் தேக்கினால் என்ன ஆகும்? வெயிலில் நீர் போகும், உப்பு படிகமாகப் பூக்கும். கல்லுக்குள்ளும் இதுதான் நடக்கிறது. கடற்கரை மண்ணில் உப்பு ஈரம் இருக்கிறது. விளக்குத் திரியில் எண்ணெய் ஏறுவது போல அது தூணிலும் சுவரிலும் மெள்ள ஏறும். கல் வெறுமையாகவோ சுண்ணாம்பு பூசியோ இருந்தால், ஈரம் வெளியே போய்விடும். உப்பு மேற்பரப்பில் வெள்ளையாகப் பூக்கும், துடைப்பத்தால் தட்டிவிடலாம். சுண்ணாம்பு அடுத்த வருஷம் மறுபடி அடித்துக்கொள்ளலாம்.

அதே கல்லின் மேல் எனாமல் அடித்தால், சிமென்ட் பூசினால், டைல்ஸ் ஒட்டினால்? ஈரம் வெளியேற வழி இல்லை. இன்னும் மேலே ஏறும். உப்புப் படிகம் பெயின்டுக்குப் பின்னால், கல்லின் தோலுக்கு உள்ளேயே வளரும். வளரும் படிகம் கல்லை உள்ளிருந்து நெம்பும். சில வருஷங்களில் கல் செதில் செதிலாக உதிரும். "பழைய கல், உளுத்துப்போச்சு, எடுத்துடலாம்" என்போம். உண்மையில் முந்நூறு வருஷம் தாங்கிய கல்லை உதிரவைத்தது பத்து வருஷத்துக்கு முன் அடித்த பெயின்டாக இருக்கலாம்.

இன்னொரு நஷ்டமும் உண்டு. கல்வெட்டு என்பது தூணிலும் நிலைக்காலிலும் சுவர் அடியிலும்தான் இருக்கும். நாலு பூச்சு எனாமல் ஏறினால் எழுத்தின் பள்ளம் நிரம்பிவிடும். திருப்புல்லாணிக் கல்வெட்டின் மேல் யாராவது டைல்ஸ் ஒட்டியிருந்தால், சோனகச் சாமந்தப் பள்ளி என்று ஒன்று இருந்ததே நமக்குத் தெரியாமல் போயிருக்கும். கோயில்களும் இதில் தப்பவில்லை. திருப்பணி என்ற பெயரில் அழுத்தமாக மணலைப் பீய்ச்சி, சிற்பங்களின் மூக்கும் முகமும் தேய்ந்த கதைகளை நாம் கேட்டிருக்கிறோம்.

யார் பார்த்துக்கொள்வது?

100 வருஷத்துக்கு மேற்பட்ட கட்டடத்தை மத்திய அரசு பாதுகாக்கப்பட்ட சின்னமாக அறிவிக்க 1958-ஆம் வருஷத்துச் சட்டம் வழி செய்கிறது. தமிழ்நாட்டுக்கு 1966-ல் தனிச் சட்டம் வந்தது. ஆனால், இந்தியா முழுவதுக்குமான மத்தியத் தொல்லியல் துறைப் பட்டியலில் இருப்பவை சுமார் 3,700 சின்னங்கள்தான். இவ்வளவு பெரிய நாட்டில் பழைய கோயில், பள்ளி, தர்கா, தேவாலயம் எத்தனை இருக்கும் என்று யோசித்துப் பாருங்கள். பெரும்பாலானவற்றுக்கு ஊர்தான் காவல். ஜமாஅத், கோயில் நிர்வாகம், பங்குப் பேரவை எடுக்கும் முடிவுதான் முடிவு.

அதனால் ஊருக்குள் பேச்சு வரும்போது, "இடிக்கக் கூடாது" என்று மட்டும் சொன்னால் எடுபடாது. வெயிலில் ரோட்டில் பாய் விரித்துத் தொழுபவருக்கு இடம் வேண்டும். அது உண்மையான தேவை. பழைய கூடத்தை விட்டுவிட்டுப் பக்கத்திலோ பின்னாலோ புதுக் கூடம் சேர்க்க முடியுமா என்று முதலில் கேட்கலாம். மிஹ்ராப் இருக்கும் பழைய மண்டபம் உள்ளே அப்படியே நிற்க, மூன்று பக்கமும் கட்டடம் விரியலாம். தரை விசாலம் வேண்டுமா, பழமை வேண்டுமா என்று ஒன்றைத்தான் தேர்ந்தெடுக்க வேண்டும் என்பதில்லை.

முடிவு எதுவாக இருந்தாலும், வேலை தொடங்கும் முன் ஊர் செய்யக்கூடியவை சில:

- ஒவ்வொரு தூணையும், போதிகையையும், நிலைக்காலையும் செல்போனில் படம் எடுத்து வையுங்கள். காலை வெயில் சாய்வாக விழும்போது எடுத்தால் எழுத்து இருந்தால் நிழலில் தெரியும். பக்கவாட்டில் டார்ச் அடித்தும் பார்க்கலாம்.
- எழுத்து மாதிரி ஏதாவது தெரிந்தால் சுரண்டாதீர்கள், ஆசிட் ஊற்றாதீர்கள். மாவட்டத் தொல்லியல் அலுவலருக்கோ, பக்கத்துக் கல்லூரி வரலாற்றுத் துறைக்கோ படம் அனுப்புங்கள்.
- பூச்சு வேண்டுமென்றால் சுண்ணாம்பு. விலையும் குறைவு.
- ஒழுகும் இடத்தை மழைக்கு முன் அடையுங்கள். தளத்தில் முளைத்த அரச, ஆலங்கன்றைச் சின்னதிலேயே எடுங்கள்.
- கல் எதையாவது கழற்றியே ஆக வேண்டும் என்றால், எந்தக் கல் எங்கே இருந்தது என்று எண் போட்டு வையுங்கள். குப்பையோடு லாரியில் ஏற்றிவிடாதீர்கள்.
- ஊரின் மூத்தவர்களை உட்காரவைத்து, எந்தப் பகுதி யார் காலத்தில் சேர்த்தது என்று கேட்டு வாய்ஸ் ரெக்கார்டு செய்யுங்கள். கட்டடத்தின் கடைசி நூறு வருஷம் அவர்கள் நினைவில்தான் இருக்கிறது.

இதெல்லாம் பள்ளிவாசலுக்கு மட்டுமில்லை. உங்கள் தெருக்கோடிப் பிள்ளையார் கோயிலுக்கும், கடற்கரைக் குருசடிக்கும் சேர்த்துத்தான்.

அரை நாள் போதும்

வாலிநோக்கத்திலிருந்து கிளம்பினால் ஏர்வாடி தாண்டிக் கீழக்கரை. தொழுகை நேரம் தவிர்த்துப் போங்கள். வெளியே இருப்பவர்களிடம் அனுமதி கேளுங்கள். படம் எடுக்கும் முன்னும் கேட்டுவிடுங்கள். தூண்களைப் பார்த்துவிட்டு, அங்கிருந்து சில கிலோமீட்டரில் இருக்கும் திருப்புல்லாணிக்குப் போங்கள். மதியம் நடை சாத்துவார்கள் என்பதால் காலையிலேயே போய்விடுவது நல்லது. இல்லையென்றால் சாயங்காலம்.

கீழக்கரையில் போதிகை மொட்டைப் பார்த்த கண்ணோடு திருப்புல்லாணி மண்டபத்தில் அண்ணாந்து பாருங்கள். சொந்தக்காரர் வீட்டுக் கல்யாணத்தில் ஒரே சாயலில் நாலு முகம் பார்ப்பது போல இருக்கும். குழந்தைகளைக் கூட்டிப்போனால், எந்த மொட்டு எங்கே இருந்தது என்று விளையாட்டாகப் படம் பொருத்தச் சொல்லுங்கள்.

உங்கள் ஊரிலும் பெயின்டுக்குள் ஒளிந்திருக்கும் ஒரு கல் தூண் இருக்கலாம். படம் எடுத்து, ஊர்ப்பெயரோடு நமக்கு அனுப்புங்கள். அடுத்த வாரம் வேறொரு ஊர், வேறொரு கல்.